திட்டுக் குதிரையில் வந்தவர்

டாக்டர் லோர்க்கன் டெவேனின் கார் ஆற்றங்கரையில் நின்றுவிட்டது. காரில் ஒரு கோளாறும் இல்லை, பாலம்தான் இல்லை. இரண்டு நாளாகக் கொட்டிய மழையில் ஆறு பாலத்தைப் பிடுங்கிக்கொண்டு கடலுக்குப் போயிருந்தது. அயர்லாந்தின் மேயோ மாவட்டத்தில் பாலம் கட்டுகிறவர்களுக்கு ஆற்றைப் பற்றி எப்போதும் ஒரு நல்லெண்ணம் உண்டு.

அக்கரையில், சதுப்பு நிலத்தைத் தாண்டி கிளான்பெக் சரிவில், மூன்று மாதப் பிள்ளை ஒன்று கக்குவான் இருமலில் துடித்துக்கொண்டிருந்தது. பிள்ளையின் தாய் டீலியா லவெல் அவரைக் கூப்பிடவில்லை. கூப்பிடவும் மாட்டாள். அவளுடைய பக்கத்து வீட்டுக்காரி வின்னி கால்விதான் தபால் வண்டிக்காரனிடம் ரகசியமாகச் சொல்லி அனுப்பியிருந்தாள்.

டீலியா கூப்பிடாததற்குக் காரணம் இருந்தது. இரண்டு வருடம் முன்பு அவளுடைய மூத்த பெண் எத்னா, டெவேனின் ஆஸ்பத்திரியில், டெவேனின் வார்டில் இறந்துபோனாள். அதோடு முடிந்திருந்தால்கூட டீலியா மனதை ஆற்றிக்கொண்டிருப்பாள். டெவேன் வெறும் டாக்டர் இல்லை. ஓய்வு நேரத்தில் கதை எழுதுகிறவர். டப்ளின் பத்திரிகைகள் அவர் கதையைக் கேட்டு வாங்கிப் போடும். எத்னா இறந்ததைப் பெயரை மாற்றி ஒரு கதையாக எழுதினார். கிறிஸ்துமஸ் மலரில் வந்தது. டப்ளினில் படித்த பெண்களெல்லாம் கண்ணைக் கசக்கினார்கள். கிளான்பெக்கிலோ, மளிகைக் கடைக்காரர் அதைக் கடைக்கு வந்தவர்களுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினார். பெயரை மாற்றினால் யாருக்கும் தெரியாது என்று நினைப்பது எழுதுகிறவர்களின் அசட்டுத்தனம். தேயிலை வாங்க வந்த டீலியா பாதிக் கதையில் வெளியே போனாள். அந்த டாக்டர் இனி என் வாசலை மிதிக்கக் கூடாது என்று சாமிமேல் ஆணையிட்டாள்.

இதெல்லாம் டெவேனுக்குத் தெரியும். தெரிந்தும் வந்திருந்தார். மூன்று மாதப் பிள்ளைக்குக் கக்குவான் வந்தால் என்ன ஆகும் என்பது அவருக்கு இன்னும் நன்றாகத் தெரியும்.

கரையோரம் கூடாரம் போட்டிருந்த, ஊர் ஊராகப் போய்ப் பாத்திரம் அடைக்கும் தகரக்காரன் மார்ட்டி, சுங்கானைப் புகைத்தபடி அவரையே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் பின்னால் ஒரு குதிரை மேய்ந்துகொண்டிருந்தது. உடம்பெல்லாம் கறுப்பும் வெள்ளையுமாகத் திட்டுத் திட்டாக, மயிரடர்ந்த கால்களோடு இருந்தது.

"மேல ஆழமில்லாத துறை ஒண்ணு இருக்கு, டாக்டரய்யா. காரு போவாது. இவ போவா," என்றான் மார்ட்டி.

"குடுப்பியா?"

"குடுக்கறதுக்கென்ன. ஆனா ஒண்ணு, திட்டுக் குதிரைல போறீங்க. வழியில எவளாவது மறிச்சு, கக்குவானுக்கு என்ன மருந்துன்னு கேட்டா முழிக்காதீங்க. என்னை எத்தனை பேரு கேட்டிருக்காங்க தெரியுமா? நான் வெங்காயம்னு சொல்லிடுவேன்."

"ஏன் வெங்காயம்?"

"எல்லார் வீட்டுலயும் இருக்குமே! ஒரு தடவை வாய்க்கொழுப்புல ஆரஞ்சுப்பழம்னுட்டேன். பாவம், அந்தப் பொம்பளை பெல்முல்லட் டவுன் வரைக்கும் நடந்து போயிட்டு வந்தா. அன்னியிலேருந்து வெங்காயம்தான்."

டெவேன் சிரித்தார். இந்த வழக்கம் அவருக்குப் புதிதல்ல. திட்டுக் குதிரையில் வருகிறவன் கக்குவானுக்கு எதைச் சொன்னாலும் அதுதான் மருந்து. குதிரையை விட்டு இறங்காமல் சொல்ல வேண்டும், ஒரே ஒரு வாக்குதான். கேட்டவர் அதை அப்படியே செய்தாக வேண்டும். இதைக் கிண்டல் செய்தும் அவர் ஒரு கட்டுரை எழுதியிருந்தார். இந்தச் சீமையில் டாக்டரைவிடக் குதிரைக்குத்தான் மதிப்பு அதிகம் என்று முடித்திருந்தார். அதையும் மளிகைக் கடைக்காரர் விடாமல் படித்திருந்தார்.

டீலியாவின் வீட்டுக் கதவு மேலும் கீழுமாக இரண்டு துண்டாகத் திறக்கும் அரைக்கதவு. மேல்பாதி திறந்திருக்கும்போதே அவர் குதிரையை விட்டு இறங்கினார். கிட்டே போவதற்குள் மேல்பாதியும் சாத்திக்கொண்டது.

"டீலியா, பிள்ளையைப் பாத்துட்டுப் போயிடறேன். கதவைத் திறங்க."

"இங்க யாரும் உங்களைக் கூப்பிடலை."

"பிள்ளைக்கு என்ன பண்ணியிருக்கீங்க?"

பதில் வின்னியிடமிருந்து வந்தது. அவள் வீட்டுச் சுவரோரம் கையைப் பிசைந்துகொண்டு நின்றாள். "எல்லாம் பண்ணியாச்சு, டாக்டர். பிள்ளையைக் கழுதை வயித்துக்கு அடியில மூணு தடவை நுழைச்சு எடுத்தோம். மழை வேற. கழுதை ஒரு எடத்துல நிக்கமாட்டேன்னுது."

டெவேன் பல்லைக் கடித்துக்கொண்டார். குளிர் மழையில், கழுதைக்கு அடியில், மூன்று மாதப் பிள்ளை! ஆனால் இப்போது கோபப்பட நேரமில்லை.

"டீலியா, நான் சொல்றதை ஒரு நிமிஷம் கேளுங்க..."

"உங்க பேச்சைக் கேக்கறதுக்குத்தான் ஒரு டீலியாவை உண்டாக்கி வச்சிருக்கீங்களே, கதையில. அவகிட்டப் போய்ச் சொல்லுங்க," என்றாள் கதவுக்குப் பின்னாலிருந்து.

டெவேன் தலையைக் குனிந்துகொண்டு குதிரை மேல் ஏறினார். அப்போது உள்ளே பிள்ளை இரும ஆரம்பித்தது. ஒன்றன் மேல் ஒன்றாக, மூச்சு விட இடம் கொடுக்காமல் இருமல் வந்தது. பெரிய பிள்ளைகளுக்கு அதன் முடிவில் 'ஊப்' என்று காற்றை இழுக்கும் சத்தம் கேட்கும். சின்னஞ்சிறுசுகளுக்கு அது கேட்காது. சட்டென்று நிசப்தம்தான். டாக்டர்கள் பயப்படுவது அந்த நிசப்தத்துக்கு. டெவேன் கடிவாளத்தைப் பிடித்தபடி குதிரை மேலேயே காதைத் தீட்டிக்கொண்டு இருந்தார்.

வெகுநேரத்துக்குப் பிறகு, மெல்லிசாக ஒரு முனகல் கேட்டது. பிழைத்தது, இந்த முறை.

குதிரையைத் திருப்பிச் சரிவில் இறங்கத் தொடங்கியிருப்பார். பின்னால் ஓடிவரும் வெறுங்கால் சத்தம் கேட்டது. டீலியா. சிவப்புப் பாவாடை நனைய, சால்வைக்குள் பிள்ளையை மார்போடு இறுக்கிக்கொண்டு, அவரைத் தாண்டி ஓடிக் குதிரைக்கு முன்னால் வந்து நின்றாள். அவர் முகத்தைப் பார்க்கவில்லை. குதிரையின் நெற்றியைப் பார்த்தாள்.

"திட்டுக் குதிரைல வந்தவரே," என்றாள், மூச்சு வாங்க, "கக்குவான் இருமலுக்கு என்ன மருந்து?"

டெவேனுக்கு முதலில் சுருக்கென்றது. தன் கட்டுரையைத் தன் முகத்திலேயே வீசுகிறாள் என்று நினைத்தார். பதிலுக்கு ஏதோ சொல்ல வாயெடுத்தவர், அவள் கையைப் பார்த்தார். பிள்ளையின் தலையைத் தாங்கியிருந்த கை நடுங்கிக்கொண்டிருந்தது. கேலி செய்கிறவளின் கை அப்படி நடுங்காது.

அப்போதுதான் அவருக்குப் புரிந்தது. டாக்டர் தன் வாசலை மிதிக்கக் கூடாது என்று ஆணையிட்டவள் அவள். டாக்டரிடம் கேட்க முடியாது. ஆனால் வழியில் போகும் குதிரைக்காரனிடம் யாரும் கேட்கலாம். ஆணையையும் மீறாமல், பிள்ளையையும் விட்டுக்கொடுக்காமல், இருந்த ஒரே இடுக்கைக் கண்டுபிடித்து வந்திருக்கிறாள். டெவேன் எத்தனையோ பெரிய மனிதர்களைப் பார்த்தவர். அந்த மலைச்சரிவில், அந்த வெறுங்காலுக்கு முன்னால், தான் ஏதோ சின்னப் பையனாகிவிட்டது போல் அவருக்கு இருந்தது.

"எறங்கிடாதீங்க டாக்டர்!" வின்னி பின்னாலிருந்து கத்தினாள். "எறங்கினா செல்லாது! அங்கேருந்தே சொல்லுங்க! ஒரே வாக்கு!"

ஒரே வாக்கு. சொன்னால் சொன்னதுதான், அப்புறம் திருத்த முடியாது. ஒரு வரியைப் பத்துத் தடவை அடித்து எழுதிப் பழகிய மனிதருக்கு வந்த சோதனையைப் பாருங்கள்!

ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவா என்று சொல்லலாம். பாலம் இல்லை. இருந்தாலும், அங்கே வார்டு நிறையப் பிள்ளைகளுக்கு ஒரே நர்ஸ். இந்தப் பிள்ளைக்கு மூச்சு நிற்கும்போது நர்ஸ் வார்டின் மறுகோடியில் இருப்பாள். பால் கொடு என்று சொல்லலாம், காற்றோட்டமாக வை என்று சொல்லலாம். ஒவ்வொன்றும் சரிதான், ஒவ்வொன்றும் தனியாகப் போதாது. மருந்துப் பெட்டியில் இந்த நோய்க்கு மருந்து இல்லை. மூச்சு நிற்கும்போது யாராவது பக்கத்தில் இருக்க வேண்டும். அவ்வளவுதான் வைத்தியம்.

"குதிரைல வந்தவன் தொட்டில் பக்கத்துல உக்காரணும்," என்றார் டெவேன். தன் குரல் தனக்கே வேறு யாருடையதோ போல் கேட்டது. "இருமல் பிள்ளையை விட்டுப் போற வரைக்கும்."

வின்னி வாயைப் பிளந்தாள். "இப்படி ஒரு வாக்கை என் ஆயுசுல கேட்டதில்ல! வெங்காயம்னு சொன்னா முடிஞ்சு போயிருக்கும்!"

டீலியா இப்போதுதான் நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். "சொன்னது சொன்னதுதான்," என்றாள். "வாங்க உள்ள."

அவர் நன்றி என்று சொல்ல வாயெடுத்தார். வின்னி பாய்ந்தாள். "நன்றியெல்லாம் சொல்லக் கூடாது! ரெண்டு பேருமே! மருந்து பலிக்காது!"

இப்படியாக டாக்டர் டெவேன் ஒரு குடிசையில் குதிரைக்காரனாக உட்கார்ந்தார். குதிரையை வின்னியின் மகன் திருப்பிக் கொண்டுபோய் விட்டான். ஆஸ்பத்திரிக்குச் செய்தி போனது. உதவி டாக்டர் அங்கே பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

அடுப்பில் சதுப்பு நிலத்தில் வெட்டிக் காயவைத்த கரி புகைந்துகொண்டே இருக்கும். அந்த அடுப்பை அணைக்கச் சொன்னால் வீட்டையே இடிக்கச் சொன்ன மாதிரி. அதனால் மழை விட்ட போதெல்லாம் தொட்டிலை வெளியே, காற்றடிக்காத சுவரோரம் தூக்கி வைத்தார். இருமி வாந்தி எடுத்தவுடன், கொஞ்சம் பொறுத்துத் தாய்ப்பாலைப் பீய்ச்சி மறுபடி ஸ்பூனில் கொடுக்கச் சொன்னார். மூச்சு நிற்கும்போது அவர் ஒரு வார்த்தையும் பேசமாட்டார். பிள்ளையைக் குப்புறக் கவிழ்த்து, விரலில் சுற்றிய துணியால் தொண்டைச் சளியை எடுத்து, தன் வாயால் பிள்ளையின் வாயையும் மூக்கையும் சேர்த்து மூடி, கன்னத்தில் அடங்கும் அளவு காற்றை மட்டும் மெல்ல ஊதுவார். மறுபடி ஊதுவார். கோல்மன், அதுதான் பிள்ளையின் பெயர், நீலத்திலிருந்து வெளுப்புக்கும் வெளுப்பிலிருந்து சிவப்புக்கும் வருவான். டீலியா பக்கத்தில் நின்று அவர் கையையே கண்ணால் கொத்துவது மாதிரி பார்த்துக்கொண்டிருப்பாள். அவள் உட்கார்ந்து அவர் பார்த்ததில்லை.

உருளைக்கிழங்கும் மோரும் அவர் முன்னால் வைப்பாள். பேச்சு மட்டும் இல்லை. அவள் புருஷன் கிழங்கு தோண்டும் வேலைக்கு ஸ்காட்லாந்து போயிருந்தான். பேசுவதற்கு வேறு ஆளும் இல்லை. வின்னி மட்டும் வந்து, "குதிரைக்காரர் சாப்பிட்டாரா? குதிரைக்காரர் தூங்கினாரா?" என்று விசாரித்துவிட்டுப் போவாள்.

ஒரு பகலில் பிள்ளை அசந்து தூங்கும்போது, டீலியா தானாகவே வாய் திறந்தாள்.

"கதையில, கடைசி வரைக்கும் அம்மா அவ கையைப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தாள்னு எழுதியிருந்தீங்க."

டெவேனுக்குத் தூக்கிவாரிப்போட்டது. "உங்க துக்கத்தை எடுத்து எழுதினது தப்புதான், டீலியா."

"துக்கத்தை எழுதினா எழுதிட்டுப் போங்க. எல்லாருக்கும்தான் துக்கம் இருக்கு." அவள் குரல் ஏறவில்லை. "நான் உக்காரலை. என்னை உள்ள விடலை. ஞாயித்துக்கிழமை மட்டும்தான், அதுவும் கண்ணாடிக்கு இந்தப் பக்கம். அன்னிக்குச் செவ்வாய்க்கிழமை. நான் கேட்டுக்கு வெளிய மழையில நின்னுக்கிட்டிருந்தேன். எம்பொண்ணு தனியாச் செத்தா. அதைக் கடையில படிக்கறாங்க, அம்மா கையைப் புடிச்சிருந்தாளாம். எல்லாரும் என்னைத் திரும்பிப் பாக்கறாங்க, ஏதோ எனக்குக் கொடுத்து வச்ச மாதிரி."

வெளியாட்கள் நோயைக் கொண்டுவருவார்கள் என்று தாய்மார்களை நிறுத்தி வைப்பது எல்லா ஆஸ்பத்திரியிலும் உள்ள விதி. அந்த விதிக்குக் கீழே கையெழுத்துப் போட்டவர் டெவேன்தான். அதே கையால் கதையில் அந்தத் தாயை உள்ளே கூட்டிக்கொண்டுபோய் உட்கார வைத்திருந்தார். எழுதும்போது அது கருணை என்று நினைத்தார். இப்போது உடம்பு கூசியது.

அதன் பிறகு அவர் பேனாவையே தொடவில்லை.

ஒருநாள் மத்தியானம், தொட்டில் சுவரோரம் வெயிலில் இருந்தது. டெவேன் முகம் கழுவ ஊற்றுக்குப் போனார். போனவர் கரிக்குவியலில் சாய்ந்து ஒரு கணம் கண்ணை மூடினார். அத்தனை நாள் தூக்கமும் மொத்தமாக வந்து அமுக்கிவிட்டது. விழித்தபோது இருமல் கேட்டது. அடுத்த கணம் அதுவும் நின்றது.

அவர் ஓடினார். சரிவில் விழுந்து, எழுந்து, மறுபடி ஓடினார். வீட்டு மூலையைத் திரும்பியதும் நின்றுவிட்டார்.

டீலியா தரையில் மண்டியிட்டிருந்தாள். பிள்ளை அவள் முழங்கையில் குப்புறக் கிடந்தது. துணி சுற்றிய விரல் உள்ளே போய்ச் சளியோடு வெளியே வந்தது. ஒரு பதற்றம் இல்லை. திருப்பினாள். பிள்ளையின் முகம் கரி போல இருந்தது. அவள் குனிந்து தன் வாயால் அதை மூடினாள். கன்னத்தில் அடங்கும் அளவு மட்டும். காத்திருந்தாள். மறுபடி. காத்திருந்தாள். மறுபடி. கை கால் எல்லாம் துவண்டு துணி மாதிரி கிடந்தன. டெவேன் எத்தனையோ முறை இந்தக் கட்டத்தில் நிறுத்தியிருக்கிறார், இனிமேல் பயனில்லை என்று. அவள் நிறுத்தவில்லை. நிறுத்தலாம் என்று ஒன்று இருப்பதே அவளுக்குத் தெரியாது.

அவர் கிட்டே போகவில்லை. போகத் தோன்றவில்லை. கோயிலில் பூசை நடக்கும்போது நடுவே யாரும் நடந்து போகமாட்டார்களே, அப்படி நின்றார்.

பிள்ளையின் விலா ஒரு முறை தானாக எழுந்தது. அப்புறம் இன்னொரு முறை. பிறகு கோல்மன் லவெல் வீல் என்று கத்தினான், கிளான்பெக் முழுக்கக் கேட்கும்படி. டெவேனின் கண்ணிலிருந்து நீர் தாரை தாரையாகக் கொட்டியது. துடைத்துக்கொள்ளக்கூட அவருக்கு நினைவில்லை. இப்படி ஒன்றைப் பார்க்கத்தான் டாக்டருக்குப் படித்தோமோ என்று நினைத்தார்.

டீலியா நிமிர்ந்தாள். அவர் நிற்பதைப் பார்த்தாள். அவர் ஏன் ஓடிவந்து பிடுங்கிக்கொள்ளவில்லை என்று அவள் கேட்கவில்லை. பிள்ளையைத் தோளில் போட்டுத் தட்டிக்கொண்டே, முதல் முறையாக அவர் எதிரில் உட்கார்ந்தாள்.

"உங்க வார்டுல இப்ப கக்குவான் பிள்ளைங்க இருக்காங்களா?"

"வார்டு நெறைய."

"மூச்சு நின்னா யாரு பாப்பா?"

"நர்ஸ்."

"எத்தனை நர்ஸ்?"

"ஒருத்தி."

"அவங்க அம்மாங்க எங்க நிக்கறாங்க?"

"உங்களுக்குத் தெரியுமே," என்றார் டெவேன்.

டீலியா பிள்ளையைத் தோள் மாற்றிப் போட்டுக்கொண்டாள். அவள் என்ன நினைத்தாள், எத்னாவை நினைத்தாளா, நமக்குத் தெரியாது. பிறகு சொன்னாள்: "அப்ப இங்க என்ன பண்றீங்க? போங்க. போய் அவங்களை உள்ள விடுங்க."

இருமல் சத்தம் கேட்டு ஓடிவந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்த வின்னிக்கு வந்ததே கோபம்! "ஏடி, உனக்குப் பைத்தியமா? இருமல் விடற வரைக்கும் உக்காரணும்னு வாக்குடி! நடுவுல எழுந்து போனா?"

"குதிரைக்காரர் செய்ய வேண்டியதை நான் செஞ்சுக்கறேன், வின்னி. பாத்தியே."

கோல்மன் பிழைத்தான். அதை இப்போதே சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் உங்களுக்கு மனசு அங்கேயே நிற்கும். ஸ்காட்லாந்திலிருந்து அவன் அப்பன் திரும்பிய போது கொழுகொழுவென்று இருந்தான்.

டெவேன் நடந்தே கிளம்பினார். ஆற்றுத் துறையில் இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கிக் காரை எட்டி, ஈரத்தோடு ஊர் வந்து சேர்ந்தார். ஆஸ்பத்திரி கேட்டுக்கு வெளியே, தூறலில், கறுப்புச் சால்வைப் பெண்கள் வழக்கம்போல் நின்றிருந்தார்கள். தினமும் அவர்களைக் கடந்துதான் அவர் உள்ளே போவார். அன்றைக்கு ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். உள்ளே போய்ப் பெரிய சிஸ்டரிடம் பேசினார். சிஸ்டர் முதலில் அதட்டினாள். அப்புறம் அவர் முகத்தைப் பார்த்துவிட்டுப் பேசாமல் சாவியை நீட்டினாள். அவரே வெளியே வந்து தாழ்ப்பாளை இழுத்துக் கேட்டை அகலத் திறந்தார்.

"எல்லாரும் உள்ள வாங்க," என்றார்.

யாரும் நகரவில்லை. முன்னால் நின்றவளின் முகம் சுண்ணாம்பாக வெளுத்தது. ஒருத்தி சால்வையை வாயில் திணித்துக்கொண்டாள். பின்னாலிருந்து ஓர் ஓலம் கிளம்பியது, இன்னொன்று சேர்ந்துகொண்டது. டெவேனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. அப்புறம் விளங்கியது. இந்தக் கேட்டில் ஒரு தாயை உள்ளே கூப்பிட்டால் அதற்கு ஒரே அர்த்தம்தான். இத்தனை வருடமாக அவர் அவர்களை அதற்கு மட்டும்தான் கூப்பிட்டிருக்கிறார்.

"உசிரோட இருக்காங்க!" அவர் கத்தினார். "எல்லாப் பிள்ளையும் உசிரோட இருக்கு! சும்மாதான் கூப்பிடறேன். வந்து பக்கத்துல உக்காருங்க!"

அவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். முன்னால் நின்றவள்தான் முதலில் வாசலுக்கு வந்தாள். வார்டுத் தரை அழுக்காகிவிடுமே என்று குனிந்து, தன் சேற்றுச் செருப்பின் கயிற்றை அவிழ்க்க ஆரம்பித்தாள்.